கரடிப் பாட்டுக்கும் நாரைகளுக்கும் இசையமைத்த வைன்பெர்க்: யாராவது கேட்டிருக்கிறீர்களா?

இரவுவானொலி எழுதியது:

நண்பர்களுக்கு வணக்கம். போன வாரம் என் அக்கா மகள் யூடியூபில் 'வின்னி-பூஹ்' (Winnie-the-Pooh) என்ற பழைய ரஷ்யக் கார்ட்டூனைத் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்துக்கொண்டிருந்தாள். ஐந்து வயது. அதில் ஒரு பழுப்புக் கரடி, ஒரே பக்கத்துக் கையும் காலும் சேர்ந்து அசைய, எதையோ முணுமுணுத்துக்கொண்டே நடக்கும். மொழி புரியாமலேயே அந்த முணுமுணுப்பை இவள் அப்படியே பாடிக்காட்டினாள். டைட்டிலில் இசை என்ற இடத்தில் இருந்த பெயரைப் பார்த்ததும் நிமிர்ந்து உட்கார்ந்துவிட்டேன். எம். வைன்பெர்க்.

கலத்தோசவ் இயக்கிய 'நாரைகள் பறக்கின்றன' (1957) படத்துக்கு இசை இதே ஆள்தான். 1958-இல் கான் விழாவில் தங்கப்பனை வாங்கிய படம். அதில் போரிஸ் சேற்று நிலத்தில் குண்டு பட்டு, பிர்ச் மரங்கள் தலைக்கு மேல் சுழல, சாகும் கடைசி நொடியில் தன் கல்யாணத்தைக் காண்பானே, அந்தக் காட்சியை ஒரு தடவை பார்த்தவர் மறக்க மாட்டார். ஊருசெவ்ஸ்கியின் கேமராவைப் பற்றி எல்லோரும் எழுதுகிறார்கள். இசையைப் பற்றித் தமிழில் ஒரு பத்திகூட என் கண்ணில் படவில்லை. அதனால்தான் இந்த இழை.

மியெச்சிஸ்வாஃப் வைன்பெர்க், 1919-இல் வார்சாவில் பிறந்த யூதர். அப்பா யித்திஷ் நாடகக் கொட்டகையில் வயலின் வாசித்து இசைக்குழு நடத்தியவர். பையன் சின்ன வயதிலேயே அங்கே பியானோவில் உட்கார்ந்துவிட்டான். 1939 செப்டம்பரில் ஜெர்மன் படை நெருங்கியதும் தங்கை எஸ்தருடன் கிழக்கே நடக்கத் தொடங்கினார். தங்கைக்கு ஷூ கடித்தது. நடக்க முடியவில்லை என்று வீட்டுக்குத் திரும்பிவிட்டாள். இவர் மட்டும் நடந்து சோவியத் எல்லையைத் தாண்டினார். பெற்றோரும் அந்தத் தங்கையும் நாஜிகளின் டிராவ்னிகி முகாமில் கொல்லப்பட்டார்கள்.

மின்ஸ்க்கில் இரண்டு வருடம் படிப்பு, போர் அங்கேயும் வந்ததும் தாஷ்கென்ட், 1943-இல் பெரிய சோவியத் இசையமைப்பாளர் ஷஸ்தகோவிச் அழைத்ததால் மாஸ்கோ. கடைசி வரை மாஸ்கோதான். 22 சிம்பொனி, நான்கு தந்தி வாத்தியங்களுக்கான குவார்ட்டெட் 17, 60-க்கும் மேற்பட்ட படங்கள். 1948-இல் ஸ்டாலின் அரசு இசையமைப்பாளர்கள் கழுத்தைப் பிடித்தபோது கச்சேரி மேடை இவருக்கு ஏறக்குறைய மூடிவிட்டது. அப்போது சினிமாதான் சோறு போட்டது. சோறு மட்டும் அல்ல, அவர் மூச்சு விட்ட இடமும் அதுதான் என்பது என் கருத்து. நீங்கள் என்ன நினைக்கிறீர்கள்?

பழையரீல் எழுதியது:

நல்ல இழை. ஒரு திருத்தம் மட்டும், தவறாக எடுத்துக்கொள்ள வேண்டாம். 1948 முதல் 1953 வரை சினிமா யாருக்கும் பெரிதாகச் சோறு போட்டிருக்க முடியாது. அது சோவியத் சினிமாவின் பஞ்ச காலம். கொஞ்சமாக எடுத்தால் எல்லாமே உன்னதமாக இருக்கும் என்று மேலிடம் முடிவு செய்ததில் 1951-இல் அவ்வளவு பெரிய நாடு எடுத்த கதைப்படங்கள் வெறும் 9. அந்த வருடங்களில் வைன்பெர்க் பிழைத்தது பெரும்பாலும் நாடகத்துக்கும் சர்க்கஸுக்கும் எழுதி. ஆமாம், சர்க்கஸ். சிங்கம் வளையத்தில் பாய, கோமாளி விழுந்து எழ, இசைக்குழு வாசிக்குமே, அதற்கு.

ஸ்டாலின் போன பிறகுதான் சினிமா அவருக்குத் திறந்தது. 1955-இல் வந்த 'புலி பழக்குபவள்' சர்க்கஸ் கதை, இசை வைன்பெர்க். 1965-இல் ஹித்ருக் எடுத்த கார்ட்டூனில் போனிஃபேஸ் என்ற சர்க்கஸ் சிங்கம் லீவு போட்டுவிட்டு ஆப்பிரிக்காவில் இருக்கும் பாட்டியைப் பார்க்கப் போகும். அதற்கும் அவரேதான். நான்கு வருடம் கழித்து அதே ஹித்ருக்குடன் உங்கள் கரடி. கச்சேரி மேடை மூடிக் கிடந்த நாளில் சர்க்கஸ் கூடாரத்தில் பழகிய கை இந்தப் படங்களில் தெரிகிறது என்பேன்.

இரவுவானொலி எழுதியது:

திருத்தத்துக்கு நன்றி. 9 படம் என்ற கணக்கு எனக்குத் தெரியாது. சோறு போட்டது சினிமா என்று எழுதியதை நாடகமும் சர்க்கஸும் என்று மாற்றிப் படித்துக்கொள்ளுங்கள். ஆனால் மூச்சு விட்ட இடம் என்பதை இன்னும் பிடித்துக்கொண்டுதான் இருக்கிறேன்.

டாக்டர்வோல்கா எழுதியது:

நான் ரஷ்யாவில் மருத்துவம் படித்தவன். ஆறு வருடம். எங்கள் ஹாஸ்டல் காவலாளிப் பாட்டிக்குக்கூட அந்தக் கரடிப் பாட்டு மனப்பாடம். குரல் கொடுத்தவர் லியோனவ், பெரிய நடிகர். அவர் பேசியதை வேகம் கூட்டி ஓட்டினால்தான் அந்தக் கரடிக் குரல். அவர் நடித்த 'அஃபோன்யா' (1975) அந்த வருடம் 6 கோடிக்கும் மேல் டிக்கெட் விற்ற படம். அதற்கும் வைன்பெர்க் இசைதான். அந்த ஊரில் பாதிப் பேர் காதில் இவர் இருக்கிறார். பெயரைச் சொன்னால் தெரியாது.

இன்னொன்று, மருத்துவன் என்பதால் எனக்கு நெருக்கமானது. வைன்பெர்க்கின் மாமனார் சொலமோன் மிகோயெல்ஸ், மாஸ்கோ யூத அரங்கின் தலைவர். லியர் அரசனாக நடித்துப் பெயர் பெற்றவர். 1948 ஜனவரியில் மின்ஸ்க்கில் அவரைக் கொன்றுவிட்டு லாரி மோதிச் செத்ததாகக் காட்டினார்கள். அன்றிலிருந்து மருமகன் மேலும் கண் வைத்துவிட்டார்கள். 1953 ஜனவரியில் 'மருத்துவர் சதி' வழக்கு. கிரெம்ளின் டாக்டர்கள் தலைவர்களுக்கு விஷம் வைக்கப் பார்த்தார்கள் என்று பத்திரிகையில் பெயர் போட்டுக் குற்றச்சாட்டு. அந்தப் பட்டியலில் இருந்த மிரோன் வோவ்சி மிகோயெல்ஸுக்கு நெருங்கிய உறவு. அடுத்த மாதமே வைன்பெர்க்கைக் கைது செய்தார்கள்.

அந்த நாளைக் கவனியுங்கள். அன்று மாலைதான் மாஸ்கோவில் டேவிட் ஓய்ஸ்த்ராக் இவருடைய மால்டேவிய ராப்சோடியை வயலினில் வாசித்திருக்கிறார். கைதட்டு வாங்கி வீட்டுக்கு வந்த மனிதரைத்தான் அன்று ராத்திரி கூட்டிப்போனார்கள். குற்றச்சாட்டு, கிரீமியாவில் யூதக் குடியரசு அமைக்கச் சதி. தனிச் சிறையில் உட்கார மட்டும்தான் முடியும், படுக்க முடியாது. ராத்திரியில் பெரிய விளக்கைப் போட்டுத் தூங்கவிடாமல் அடிப்பார்கள் என்று பின்னால் அவரே சொல்லியிருக்கிறார்.

மேகலா_குடந்தை எழுதியது:

டாக்டர் சார், குழந்தை பற்றிய கதையையும் சொல்லுங்கள். நான் படித்ததில் என்னால் தாண்டிப்போக முடியாத இடம் அது.

டாக்டர்வோல்கா எழுதியது:

சொல்கிறேன் அக்கா. வைன்பெர்க் மனைவி நதாலியாவையும் எந்த நேரமும் பிடிக்கலாம் என்ற நிலை. சின்னப் பெண் குழந்தை விக்டோரியா. ரெண்டு பேரும் போய்விட்டால் குழந்தை அரசு அனாதை இல்லத்துக்குத்தான். ஷஸ்தகோவிச்சின் மனைவி நீனா குழந்தையைத் தாங்கள் வளர்க்கிற மாதிரி அதிகாரப் பத்திரம் எழுதி வாங்கிவைத்தார். ஷஸ்தகோவிச் நேராக, ரகசியப் போலீஸ் தலைவராகப் பேர்பெற்ற பெரியாவுக்கே கடிதம் எழுதினார், இவன் நேர்மையானவன், நான் உத்தரவாதம் என்று. 1948-இல் அவர் பெயரும் நாறடிக்கப்பட்டது என்பதை நினைத்துப் பாருங்கள். தன் தலைக்கே நிச்சயம் இல்லாதவர் இன்னொருவர் தலைக்குப் பிணை நின்றார்.

மார்ச் 5, ஸ்டாலின் மரணம். ஏப்ரல் கடைசியில் வைன்பெர்க் வெளியே வந்தார். பிறகு இரண்டு குடும்பமும் ஒன்றாகச் சாப்பிட உட்கார்ந்தபோது அந்தப் பத்திரத்தைக் கொளுத்திவிட்டார்கள்.

வயலின்_கோடம்பாக்கம் எழுதியது:

இழையைத் திறந்த தம்பி மூச்சு விட்ட இடம் என்கிறார். முப்பது வருடம் ரீ-ரிக்கார்டிங் வாசித்தவன் என்ற முறையில் எனக்கு ஒன்று சொல்லத் தோன்றுகிறது.

ரீ-ரிக்கார்டிங்கில் இசை எவ்வளவு நீளம் என்பதைப் படம்தான் முடிவு செய்யும். கதாநாயகி கதவைச் சாத்துகிற இடத்தில் முடியணும் என்றால் முடியணும். நல்ல மெலடி பாதியில் இருந்தாலும் வெட்டு. இளைய இசையமைப்பாளர்கள் இதை நினைத்து வருத்தப்படுவார்கள். ஆனால் கை தேர்ந்தவர்கள் வேறு மாதிரி. அந்த வெட்டையே தாளமாக மாற்றிவிடுவார்கள்.

நாரைகள் படத்தில் விமானத் தாக்குதல் காட்சியைப் பாருங்கள். மார்க் பியானோ வாசிக்கிறான். வெளியே சைரன், குண்டு. ஜன்னல் கண்ணாடி உடைந்து சிதறுகிறது. அவன் நிறுத்த மாட்டேன் என்கிறான். போரிஸின் காதலி வெரோனிக்கா பதறி நிற்கிறாள். பின்னால் அவளை நெருங்கும்போது அவள் அறைகிறாள், திரும்பத் திரும்ப அறைகிறாள். அந்தக் காட்சியில் எது இசை, எது சத்தம் என்று பிரிக்கவே முடியாது. சைரனையும் ஒரு வாத்தியமாகக் கணக்கில் வைத்து எழுதினால்தான் அப்படி வரும். எழுதினவர் தாமே மேடைப் பியானோக்காரர். குண்டு விழும் வார்சாவை விட்டு நடந்து வந்தவர். அந்தக் காட்சிக்கு அவருக்கு யாரும் விளக்கம் சொல்லியிருக்கத் தேவையில்லை.

கூலி வேலை என்று நினைத்து எழுதினவன் கை இப்படி இருக்காது. எத்தனையோ கூலி வேலை வாசித்திருக்கிறேன், வித்தியாசம் வில் பட்டதுமே தெரியும்.

மேகலா_குடந்தை எழுதியது:

வயலின் சார், உங்கள் கைக்கு மரியாதை. அந்தக் காட்சி பற்றிச் சொன்னது முழுக்க உண்மை. ஆனால் எனக்கு இந்த இழை போகும் போக்கு பயமாக இருக்கிறது.

அடக்குமுறையில் இருந்த கலைஞனைப் பற்றிப் பேசும்போது நாம் சீக்கிரமே ஆறுதல் தேடிவிடுகிறோம். மேடையை மூடினார்களா, பரவாயில்லை, சினிமாவில் அழகாக எழுதினாரே என்று. அப்படிச் சொன்னால் மூடினவனுக்கு நாமே சாதகமாகப் பேசியது ஆகாதா?

'பயணி' என்று ஒரு ஓபரா. ஆஷ்விட்ஸில் காவலாளியாக இருந்த ஜெர்மன் பெண், போர் முடிந்து பல வருடம் கழித்துக் கப்பலில் போகும்போது, செத்துவிட்டாள் என்று நினைத்த கைதியின் முகத்தைப் பார்க்கிறாள். மூலக்கதை சோஃபியா போஸ்மிஷ் எழுதியது, அவரே அந்த முகாமில் இருந்தவர். 1968-இல் எழுதி முடித்தாயிற்று. ஷஸ்தகோவிச் தலையில் வைத்துக் கொண்டாடினார். முதன்முதலில் மக்கள் கேட்டது 2006 டிசம்பரில், மாஸ்கோவில், அதுவும் நடிப்பு இல்லாமல் கச்சேரியாக. மேடையேறியது 2010-இல், ஆஸ்திரியாவின் பிரேகென்ஸில். வைன்பெர்க் 1996-லேயே போய்விட்டார். தன் தங்கையை முகாமில் தொலைத்த மனிதர், முகாமைப் பற்றி எழுதிய ஓபராவை ஒரு நாள்கூட மேடையில் பார்க்கவில்லை. 'அஃபோன்யா'வுக்கு 6 கோடி டிக்கெட், 'பயணி'க்கு 38 வருடம் பெட்டி. சினிமா அவருக்கு மூச்சு என்றால், இது என்ன?

இரவுவானொலி எழுதியது:

மேகலா அக்கா, படித்துவிட்டு ரொம்ப நேரம் பதில் எழுதவில்லை. நீங்கள் சொல்வதை மறுக்க என்னிடம் எதுவும் இல்லை. மூடினவர்களுக்கு நியாயம் சொல்ல நான் நினைக்கவே இல்லை. ஆனால் அந்தப் பெட்டிக்குள்ளும் மனிதன் செத்துப்போய்விடவில்லை என்பதைச் சொல்லாமல் விட்டால் அவருடைய பாதி வேலையை நாமே வீசி எறிந்தது ஆகும். கரடிக்கு எழுதிய அந்தச் சின்ன மெலடியில் ஒரு பிசிறுகூட இல்லை. யாரோ மிரட்டி எழுதவைத்தது மாதிரி இல்லை. அதை அனுபவித்து எழுதியிருக்கிறார்.

பழையரீல் எழுதியது:

இரண்டு பேர் சொல்வதும் ஒரே நேரத்தில் நடக்கும் என்பதற்கு எனக்கு வைன்பெர்க்கைவிடக் கசப்பான ஆள் ஒருவர் தெரியும். கவ்ரீல் பபோவ். 1904-இல் பிறந்தவர், ஷஸ்தகோவிச்சுக்கு இரண்டு வயது மூத்தவர். அவர் சமகாலத்தவர்களில் பலர் இவரை ஷஸ்தகோவிச்சுக்குச் சமமாக வைத்துப் பேசினார்கள். இன்று பெயர் சொன்னால் யாருக்கும் தெரியாது.

1934 நவம்பரில் 'சப்பாயெவ்' படம் வெளியாகிறது. இசை பபோவ். ஸ்டாலின் திரும்பத் திரும்பப் போடச் சொல்லிப் பார்த்த படம். நாடே கொண்டாடியது. அதில், ரஷ்ய உள்நாட்டுப் போரில் கம்யூனிஸ்டுகளை எதிர்த்த வெள்ளைப்படையின் கர்னல் ஒருவன் பியானோவில் பீத்தோவன் வாசிப்பான். பக்கத்தில் அவனுடைய ஏவலாள் காலில் பிரஷ்ஷைக் கட்டிக்கொண்டு தரையைத் தேய்த்துக்கொண்டிருப்பான். அந்த ஏவலாளின் தம்பிக்கு மரண தண்டனையைக் கசையடியாகக் குறைத்தவன் இதே கர்னல். தம்பி அடியிலேயே செத்துவிட்டான். இசை ஓட, தேய்ப்பு ஓட, அந்த ஆள் மெல்ல நின்றுபோவான். வெள்ளைப்படை அணிவகுத்து முன்னேறும் இடத்தில் வெறும் முரசு மட்டும். எங்கே எழுதக்கூடாது என்று தெரிந்த இசையமைப்பாளர்.

நான்கு மாதம் கழித்து, 1935 மார்ச் 22, லெனின்கிராடில் அவருடைய முதல் சிம்பொனி அரங்கேற்றம். வருடக்கணக்கில் உழைத்தது. மறுநாளே தணிக்கை தடை போட்டது. எதிரி வர்க்கங்களின் சித்தாந்தத்தைப் பிரதிபலிக்கிறதாம். பிறகு தடை எடுக்கப்பட்டும் அவர் உயிரோடு இருந்தவரை அது மறுபடி வாசிக்கப்படவில்லை. 1972-இல் இறந்தார்.

நாட்டையே கவர்ந்த படத்தின் இசை அவர் பெயரில் ஓடிக்கொண்டிருக்கும்போதே சிம்பொனியை மூடினார்கள் என்பதைக் கவனியுங்கள். சினிமா யாருக்கும் கேடயம் ஆகவில்லை. அடுத்து ஐசன்ஸ்டைனின் 'பெழின் புல்வெளி'க்கு எழுதினார், 1937-இல் அந்தப் படத்தையே நிறுத்தினார்கள். 1946-இல் ஸ்டாலின் பரிசு கொடுத்தார்கள். 1948-இல் அதே கையால் ஷஸ்தகோவிச், புரோகோஃபியெவ், ஹச்சதூரியன் ஆகியோருடன் இவர் பெயரையும் கட்சித் தீர்மானத்தில் போட்டுத் திட்டினார்கள். குடி அவரைத் தின்றது.

அப்படியும் அவர் சினிமா இசையைச் சினிமாவோடு விடவில்லை. எஸ்ஃபிர் ஷூப்பின் 'ஸ்பெயின்' ஆவணப்படத்துக்கு எழுதியதைத்தான் எடுத்துப் பின்னால் மூன்றாம் சிம்பொனி ஆக்கினார், தந்தி வாத்தியங்களுக்கு மட்டும். மேடையில் பிடுங்கியதைத் திரைக்குள் கொண்டுபோய் வைத்து, காலம் பார்த்து மறுபடி மேடைக்குக் கொண்டுவந்த மாதிரி.

வயலின்_கோடம்பாக்கம் எழுதியது:

அந்த மூன்றாம் சிம்பொனியை இப்போதுதான் தேடிக் கேட்டேன். தந்திக்காரனுக்கு விருந்து. எங்கள் கோஷ்டியில் இருபது பேருக்கு அனுப்பிவிட்டேன்.

மேகலா_குடந்தை எழுதியது:

பழையரீல் சார், பபோவைக் கொண்டுவந்ததற்கு நன்றி. நான் சொல்ல வந்தது இப்போது எனக்கே தெளிவாகிறது. அவர்கள் நன்றாக எழுதினார்கள் என்பதில் எனக்குச் சண்டை இல்லை. எது எழுதலாம், எது எப்போது ஒலிக்கலாம் என்பதை வேறு யாரோ முடிவு செய்தான் என்பதில்தான் சண்டை. அந்த ஒரு வாக்கியத்தை இழையில் எங்கேயாவது யாராவது எழுதியாக வேண்டும் என்று தோன்றியது. எழுதிவிட்டேன்.

தேடுகிறவர்களுக்கு ஒரு தகவல்: வைன்பெர்க் பெயரை ரஷ்ய எழுத்திலிருந்து மாற்றும்போது Weinberg என்பதை Vainberg என்றும், பெயரின் முன்பாதியை மோய்செய் என்றும் போட்டிருப்பார்கள். எல்லையில் காவலன் எழுதிக்கொண்ட யூதப் பெயர் அது. போலிஷ் பெயர் மியெச்சிஸ்வாஃப். பழைய இசைத்தட்டுகளில் ஒன்று, புதியவற்றில் இன்னொன்று. இரண்டிலும் தேடினால்தான் முழுசாகக் கிடைக்கும்.

திருச்சி_செல்வி எழுதியது:

புதுசாக வந்தவள், மன்னிக்கவும். எங்கிருந்து ஆரம்பிப்பது? சிம்பொனி கேட்டுப் பழக்கம் இல்லை.

டாக்டர்வோல்கா எழுதியது:

படத்திலிருந்தே ஆரம்பியுங்கள் தங்கச்சி. நாரைகள் படத்தை ஹெட்ஃபோன் போட்டுப் பாருங்கள். நாரையைத் தூது விட்ட மரபு நம்முடையது, அந்தப் படத்தின் முதல் காட்சியிலும் கடைசிக் காட்சியிலும் வானத்தில் போகும் பறவைகளை வெரோனிக்கா அண்ணாந்து பார்ப்பதைத் தனியாக விளக்க வேண்டியதில்லை. அடுத்துக் கரடிக் கார்ட்டூன் மூன்று பாகமும், 1969, 71, 72. அதற்குப் பிறகு 21-ஆம் சிம்பொனி, 'கத்தீஷ்', இறந்தவர்களுக்காக யூதர்கள் சொல்லும் பிரார்த்தனையின் பெயர். 1991-இல் முடித்தது. நாஜிகள் யூதர்களை அடைத்துவைத்த வார்சா கெட்டோவில் மாண்டவர்களுக்கு. 2019-இல் வந்த பதிவு, மிர்கா கிராஜினிட்டே-டிலா நடத்தியது, நன்றாக இருக்கும். அதில் சொல்லே இல்லாத பெண்குரல் ஒன்று வரும். பாடியதும் அந்த நடத்துநரேதான்.

இரவுவானொலி எழுதியது:

நேற்று ராத்திரி அந்த 21-ஐப் போட்டேன். திடீரென்று சோபினின் பாலாட் ஒன்று பியானோவில் எட்டிப்பார்க்கிறது. வார்சாவில் பியானோ படித்த எந்தப் பையனும் வாசித்திருக்கக்கூடியது. நிறுத்தி, பின்னால் போய், அந்த இடத்தை மட்டும் நான்கு தடவை கேட்டேன். பெண்குரல் வரும் இடத்துக்கு இன்னும் போகவில்லை. அக்கா மகள் பக்கத்து அறையில் தூங்கிக்கொண்டிருந்தாள், சத்தத்தைக் குறைத்து வைத்திருந்தேன். மீதியை ஞாயிற்றுக்கிழமை பகலில், முழுச் சத்தத்தில் கேட்டுவிட்டு இங்கே எழுதுகிறேன்.